வள்ளி முதல் ஔவை வரை: கே. பி. சுந்தராம்பாளின் பாத்திரத் தேர்வு

கே. பி. சுந்தராம்பாளின் (1908–1980) கலைவாழ்வை மதிப்பிடுவோர் அவரது குரல்வளத்தையே முதன்மைப்படுத்துவர். அக்குரல் எத்தகைய பாத்திரங்களின் வழியே ஒலித்தது என்பதும் ஆராயத்தக்கது.

கொடுமுடியில் வறிய குடும்பத்தில் பிறந்த அவர், சிறுமியாக இருக்கும்போதே வேலு நாயரின் நாடகக் குழுவில் சேர்ந்தார். தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியில் தோன்றிய சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) வகுத்தளித்த இசைநாடக மரபே அவரை உருவாக்கியது. இலங்கை மேடைகளில் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவுடன் இணைந்தார், 1927இல் அவரை மணந்தார். கிட்டப்பா வேலனாகவும் சுந்தராம்பாள் வள்ளியாகவும் தோன்றிய வள்ளி திருமணம் தமிழகமெங்கும் புகழ்பெற்றது.

1933 டிசம்பரில் கிட்டப்பா மறைந்தார். இருபத்தைந்து வயதில் சுந்தராம்பாள் வெள்ளாடை பூண்டார். ஆடவருடன் இணையாக நடிப்பதில்லை என்றும் உறுதிகொண்டார். இதனைக் கைம்மை நோன்பு என்று மட்டும் கொள்வது முழுமையாகாது. கிட்டப்பாவுக்கு முன்னரே மணமாகியிருந்தது. எனவே அவ்வெள்ளாடை, தாமும் அவருக்கு மனைவியே என்னும் உரிமையை ஊரறிய நிலைநாட்டிய செயலுமாகும். கைம்பெண் பொதுவெளியினின்று விலக்கப்பட்ட காலத்தில் அவர் அக்கோலத்துடனேயே பொதுவெளிக்குத் திரும்பினார் என்பதே இங்குக் கருதத்தக்கது. தேசிய இயக்க மேடைகளிலும் அக்கோலத்திலேயே பாடினார்.

1935இல் வெளிவந்த நந்தனார் படத்திற்கு அவர் பெற்ற ஊதியம் ஒரு லட்சம் ரூபாய். வேதியராக நடித்தவர் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். பெண்ணொருவர் ஆண் வேடம் ஏற்பது நாடக மரபில் புதிதன்று. ஆயினும் காதற்காட்சிக்கு இடமில்லாத அடியார் பாத்திரம் அவரது உறுதிக்கு ஊறு செய்யாமல் திரைக்கு வழி திறந்தது. 1940இல் மணிமேகலையானார். உதயகுமரனின் காதலை ஏலாது துறவு பூண்டவள் மணிமேகலை என்பதை நோக்க, இத்தேர்வும் தற்செயலானதாகத் தோன்றவில்லை. எஸ். எஸ். வாசனின் ஔவையார் (1953) இவ்வரிசையின் உச்சம். இல்லறத்தை மறுத்து முதுமையை வேண்டிப் பெற்றவர் என்று வழங்கும் ஔவையின் கதை, நடித்தவரின் வாழ்வை அறிந்த பார்வையாளருக்கு இரட்டைப் பொருள் தந்திருக்கும்.

பூம்புகாரில் (1964) அவர் ஏற்றது கவுந்தியடிகள் வேடம். காங்கிரஸ் மேடைகளில் முழங்கிய முருகபக்தை, மு. கருணாநிதியின் திரைக்கதையில் சமணத் துறவியாகத் தோன்றினார். கட்சியும் சமயமும் இடையிட்ட போதும் பாத்திரத்தின் துறவு மாறவில்லை.

கந்தன் கருணையில் (1967) மீண்டும் ஔவையாக வந்தார். அப்படத்திலும் வள்ளியின் கதை உண்டு. வள்ளியாக நடித்தவர் ஜெயலலிதா.