சொத்துப் பிரிக்கப் பிறந்த அல்ஜீப்ரா: யார் இந்த அல் குவாரிஸ்மி?

சமன்பாட்டுக் கணக்கு என்றாலே பள்ளியில் ஒரு மந்திரம் சொல்லித் தருவார்கள். இந்தப் பக்கம் மைனஸ்ல இருந்தா, அந்தப் பக்கம் போனதும் ப்ளஸ் ஆயிடும். ஏன் ஆகுது? பல வகுப்புகளில் அதைக் கேட்கவே நேரம் இருப்பதில்லை. ஆனால் சுமார் 1,200 ஆண்டுகளுக்கு முன்பே பாக்தாத்தில் ஒருவர் பதிலை எழுதி வைத்துவிட்டார். முகமது இப்னு மூசா அல் குவாரிஸ்மி.

பிறந்தது சுமார் 780-ல். பெயரின் கடைசிப் பகுதி, மத்திய ஆசியாவின் குவாரிஸ்ம் பகுதியைக் குறிக்கிறது. கலீஃபா அல் மாமூன் ஆட்சியில், பாக்தாத்தின் ஞான இல்லத்தில் பணியாற்றினார். வானியல் அட்டவணை, புவியியல், இந்திய எண்முறை என எல்லாவற்றைப் பற்றியும் எழுதினார். லத்தீனில் அவர் பெயரை உச்சரித்த விதத்தில் இருந்துதான் அல்காரிதம் என்ற சொல்லே வந்தது.

சுமார் 820-ல் அவர் எழுதிய நூலின் தலைப்பில் இருந்த இரண்டு சொற்கள்: அல் ஜப்ர், அல் முகாபலா. முதல் சொல்தான் அல்ஜீப்ரா ஆனது. உடைந்ததை, குறைந்ததைச் சரிசெய்வது என்று அதற்குப் பொருள். ஸ்பெயினில் எலும்பு முறிவுக்குக் கட்டுப் போடுபவரையும் இதிலிருந்து பிறந்த பெயரால்தான் அழைத்தார்கள்!

அவர் நூலில் எக்ஸ் கிடையாது. ப்ளஸ், மைனஸ் குறிகளும் கிடையாது. தெரியாத எண்ணைப் 'பொருள்' என்றே அழைத்து, எல்லாவற்றையும் வார்த்தையில் எழுதினார். அவர் பாணியில் ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம்.

5 பொருளில் 12 குறைத்தால், 2 பொருளும் 18-ம் சேர்ந்ததற்குச் சமம். இடப்பக்கத்தில் 12 குறைகிறது, அதாவது அந்தப் பக்கம் உடைந்திருக்கிறது. 12-ஐச் சேர்த்துச் சரிசெய்கிறோம். தராசு சாயக் கூடாதே, அதனால் வலப்பக்கமும் 12 சேர்க்கிறோம். இப்போது 5 பொருள், 2 பொருளும் 30-ம் சேர்ந்ததற்குச் சமம். இதுதான் ஜப்ர். எந்த எண்ணும் பக்கம் தாவவில்லை, குறியும் மாறவில்லை. ரெண்டு பக்கமும் ஒரே வேலை நடந்திருக்கு, அவ்வளவுதான்.

அடுத்தது முகாபலா. இரு பக்கமும் இருக்கும் 2 பொருளைக் கழித்துவிட்டால், 3 பொருள் 30-க்குச் சமம். ஒரு பொருள் 10. முதல் வரியில் வைத்துப் பாருங்கள்: 50-ல் 12 போனால் 38. 20-ம் 18-ம் சேர்ந்தாலும் 38.

இதெல்லாம் எதற்கு? வியாபாரம், நில அளவை, கால்வாய் வெட்டுதல், எல்லாவற்றுக்கும் மேலாகச் சொத்துப் பங்கீடு. நூலின் பெரும்பகுதி வாரிசுக் கணக்குதான். ஒரு கணக்கில் ஒரு பெண் இறந்துவிடுகிறார். கணவர், ஒரு மகன், மூன்று மகள்கள் இருக்கிறார்கள். சொத்தில் எட்டில் ஒன்றும் ஏழில் ஒன்றும் சேர்ந்த அளவை வெளியாள் ஒருவருக்கு உயில் எழுதியிருக்கிறார். மிச்சத்தில் கணவருக்குக் கால் பங்கு, மகனுக்கு ஒரு மகளைப் போல இரு மடங்கு என்பது அன்றைய இஸ்லாமியச் சட்டம். விடை: மொத்தம் 1,120 பங்கு. வெளியாளுக்கு 300, கணவருக்கு 205, மகனுக்கு 246, மகள்களுக்குத் தலா 123. ஒரு பங்குகூட மிச்சமில்லை, சண்டைக்கும் இடமில்லை.

அவருக்கு முன்பே, 628-ல், பிரம்மகுப்தர் எதிர்ம எண்களுக்கு விதி எழுதியிருந்தார். குவாரிஸ்மியோ எதிர்ம எண்களை விடையாக ஏற்கவில்லை. அதனால் சமன்பாடுகளை ஆறு வகையாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் தனி வழி சொல்ல வேண்டியிருந்தது.

அவர் இறந்தது சுமார் 850-ல். 1145-ல் ஸ்பெயினில் ராபர்ட் ஆஃப் செஸ்டர் அந்த நூலை லத்தீனுக்குக் கொண்டுபோனார். ஆனால் வாரிசுக் கணக்குகளை விட்டுவிட்டார். அந்த மகள்களின் 123 பங்கு ஆங்கிலத்துக்கு வந்தது 1831-ல், ஃபிரெடெரிக் ரோசன் மொழிபெயர்ப்பில்தான்.