சிரிப்பூட்டிய சித்திரக்காரர்

பிறரை அழ வைப்பது எளிது. சிரிக்க வைப்பதே அரிய கலை. அக்கலையை முதலில் பென்சிலாலும் பின்னர் கேமராவாலும் பயின்றவர் அமெரிக்கத் திரைப்பட இயக்குநர் பிராங்க் டாஷ்லின்.

1913ஆம் ஆண்டு பிப்ரவரி 19ஆம் நாள் நியூஜெர்சி மாநிலத்தில் வீஹாக்கன் என்னும் ஊரில் அவர் பிறந்தார். பள்ளிப் படிப்பை இடையில் நிறுத்தியதால், கிடைத்த வேலைகளையெல்லாம் செய்தார். 1930இல் ஈசாப் கதைகளின் பெயரால் வெளிவந்த கார்ட்டூன் படங்களுக்குச் சித்திரம் வரையத் தொடங்கினார்.

1933இல் ஹாலிவுட் சென்று லியான் ஷ்லெசிங்கரின் கார்ட்டூன் நிறுவனத்தில் சேர்ந்தார். ஓய்வு நேரத்தில் பத்திரிகைக்குச் சித்திரத் தொடர் ஒன்றும் வரைந்தார். அந்த வருமானத்தில் முதலாளி பங்கு கேட்டார். உழைப்பு தம்முடையது என்று டாஷ்லின் மறுத்தார், வேலை போயிற்று! ஆயினும் அவர் திறமையை எவரால் மறைக்க முடியும்? 1936இல் அதே நிறுவனம் அவரை இயக்குநராகவே அமர்த்திக்கொண்டது. போர்க்கி என்னும் பன்றிக்குட்டியை வைத்து அவர் எடுத்த படங்கள் வேகத்திற்கும் புதுமையான கோணங்களுக்கும் பெயர் பெற்றன. பின்னர் வால்ட் டிஸ்னி நிறுவனத்திலும் சில காலம் பணியாற்றினார்.

1946இல் குழந்தைகளுக்காக ஒரு கதை எழுதிச் சித்திரமும் தீட்டினார். குளிர்காலம் முழுதும் குகையில் உறங்கிய கரடி ஒன்று விழித்தெழுகிறது. மேலே ஒரு தொழிற்சாலை நிற்கிறது! அது கரடியே அன்று, சவரம் செய்யாத சோம்பேறி மனிதன் என்று அதிகாரிகள் அனைவரும் சாதிக்கின்றனர். பாவம், கரடியும் நம்பி எந்திரத்தின் முன் நின்று உழைக்கிறது. மீண்டும் பனி பொழியும்போதுதான் தன்னை உணர்ந்து குகைக்குத் திரும்புகிறது.

கார்ட்டூன்காரருக்கு நடிகர்களை இயக்கத் தெரியுமா? 1952இல் பாப் ஹோப் நடித்த 'சன் ஆஃப் பேல்ஃபேஸ்' இதற்கு விடை தந்தது. கதாநாயகனும் ஒரு குதிரையும் ஒரே கட்டிலில் படுத்துப் போர்வைக்குச் சண்டையிடும் காட்சியைச் சித்திரக்காரர் அன்றி வேறு யார் நினைப்பார்? 1956இல் வந்த 'தி கேர்ள் காண்ட் ஹெல்ப் இட்' படத் தொடக்கத்தில், கறுப்பு வெள்ளையாய்ச் சுருங்கியிருந்த திரை, நடிகரின் கட்டளைக்கு அடங்கி அகன்று வண்ணம் பெறுகிறது. ஜெர்ரி லூயிஸ் நடித்த எட்டுப் படங்களையும் அவர் இயக்கினார். விளம்பர மோகத்தையும் தொலைக்காட்சி மயக்கத்தையும் நகைத்தார். பிரெஞ்சு நாட்டின் கோதார் அவர் கலையைப் போற்றி எழுதினார்.

1972 மே 5ஆம் நாள் டாஷ்லின் மறைந்தார். படங்களில் கார்ட்டூன் சாயல் இருப்பதாகச் சிலர் குறை கூறியபோதும், அந்தச் சாயலை அவர் இறுதிவரை கைவிடவில்லை. தோழியரே, நாம் யார் என்பதைப் பிறர் வாய்ச்சொல்லால் மறந்துவிடலாகாது. அந்தக் கரடி காலங்கடந்து கற்ற பாடத்தை நாம் இளமையிலேயே கற்போமாக!