றொபேட் பிளாஹேட்டி

இயற்கையோடு போராடி வாழும் எளிய மக்களின் வாழ்க்கையைத் திரையிற் காட்டி, ஆவணப்படம் என்னும் கலைக்கு வித்திட்டவருள் முதன்மையானவர் றொபேட் பிளாஹேட்டி. இவர் 1884 ஆம் ஆண்டு பெப்ரவரி 16 ஆம் நாள் ஐக்கிய அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்திற் பிறந்தார். தந்தையார் சுரங்கத் துறையினர். மகனும் அவர் வழிநின்று, கனடாவின் வடபுலத்தில் இரும்புத்தாது தேடும் பணியை மேற்கொண்டார்.

1913 இல் அப்பணிக்குச் செல்லும்பொழுது படக்கருவி ஒன்றையும் உடன்கொண்டு சென்று, அங்கு வாழும் இனுவிற் மக்களைப் படம்பிடித்தார். 1916 இல் ரொறன்ரோ நகரில் அவருடைய சிகரெட்டின் நெருப்புப் பட்டு அப்படச்சுருள்கள் எரிந்தொழிந்தன. எஞ்சிய பிரதியைப் பார்த்தவர், அது பயணக் காட்சிகளின் தொகுப்பேயன்றி ஒரு மக்களின் வாழ்வன்று என்று உணர்ந்தார். ஆகவே, 1920 இல் உரோம வணிக நிறுவனமொன்றின் பொருளுதவியுடன் மீண்டும் வடக்கே சென்று, ஏறத்தாழ ஓராண்டு அம்மக்களிடையே தங்கினார். எடுத்த படங்களை அங்கேயே கழுவி அவர்களுக்குக் காட்டினார். அவர்களும் அவருக்கு உதவியாளராயினர். இவ்வாறு உருவாகி 1922 இல் வெளிவந்ததே ‘வடபுலத்து நானூக்’.

பின்னர் சமோவாத் தீவில் ‘மொவானா’ (1926), அயர்லாந்தின் மேற்கே ‘அரன் மனிதன்’ (1934) ஆகிய படங்களை எடுத்தார். இவர் தூண்டிய இயக்கத்தின் வழிவந்த பசில் றைட் என்பாரே 1934 இல் நம் நாட்டைப்பற்றிய ‘இலங்கையின் கீதம்’ என்னும் படத்தை ஆக்கினார்.

அமெரிக்க அரசினர் வேண்ட, பிளாஹேட்டி எடுத்த ‘நிலம்’ (1942) தனிச்சிறப்புடையது. மேல்மண் அரித்துச் செல்லப்பட்டுப் பாழான வயல்களையும், இயந்திரங்களின் வரவால் வேலையிழந்து ஊரூராக அலைந்த உழவர்களையும் அது காட்டிற்று. நாடு போரில் ஈடுபட்டிருந்த அந்நாளில் அது பொதுமக்களுக்குப் பரவலாகக் காட்டப்படவில்லை. ஆனால் 1948 இல் எண்ணெய் நிறுவனமொன்றின் செலவில் எடுத்த ‘லூயிசியானாக் கதை’யிலோ, சதுப்புநிலத்தில் எண்ணெய் தோண்டுவோர் தீங்கற்ற நண்பராகவே தோன்றுகின்றனர். மண்ணின் அழிவைக் கண்டு வருந்தியவர், பொருள் கொடுத்தோரின் தொழிலால் நேரக்கூடிய அழிவைக் காட்டாது விட்டார்.

அவர்மீது வேறு குறைகளும் கூறப்படுகின்றன. துப்பாக்கி வழங்கிய காலத்தில் இனுவிற் மக்களை ஈட்டியோடு வேட்டையாடச் செய்தார். நானூக்காகத் தோன்றியவரின் இயற்பெயர் அல்லகரியல்லக். அரன் தீவினர் தலைமுறைகளுக்கு முன்பே கைவிட்ட சுறா வேட்டையைப் படத்திற்காக மீண்டும் கற்றனர். மறைந்துபோன வாழ்க்கையைக் காட்ட விரும்பி, கண்முன் இருந்த வாழ்க்கையை மறைத்தார் என்பது மறுக்கவொண்ணாதது.

1951 ஆம் ஆண்டு யூலை 23 ஆம் நாள் வேர்மன்ற் மாநிலத்தில் அவர் காலமானார். பிறர் வாழ்வை எழுத்திலோ படத்திலோ காட்ட விழையும் நம் மாணவர் இவரிடம் கற்கத்தக்கவை இரண்டு. ஒரு மக்களை அறிய அவர்களோடு வாழவேண்டும் என்பது ஒன்று. அன்பு மிகுந்தவிடத்தும் வாய்மை வழுவாதிருத்தல் வேண்டும் என்பது மற்றொன்று. முன்னதை அவருடைய வெற்றியும் பின்னதை அவருடைய குறையும் நமக்கு உணர்த்துகின்றன.