மன்னுயிர் காத்த மேதை சுப்பாராவ்

பெனிசிலின் என்னும் பெயரை அறியாதார் இன்று இலர். 1928 ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரிற் பிளெமிங் என்பார் பூஞ்சணம் ஒன்றிற் கண்ட அம்மருந்து, கிருமிகளின் புறச்சுவர் செவ்வனே அமையாது தடுத்து அவற்றை அழிப்பது. அதன் முதல்வகை இரைப்பையின் அமிலத்திற் சிதைவதாதலின் ஊசி வழியே ஏற்றப்படுவதாயிற்று. புரோக்கெயின், பென்சதீன் என்பவற்றோடு கூடிய வகைகள் உடலில் மெல்லப் பரந்து நெடிது நிற்பன. பெனிசிலின் ‘வி’ என்பது குளிசையாக விழுங்கத் தக்கது. எனினும் பெனிசிலினுக்கு அடங்காக் கிருமிகளும் பல உள. அவற்றுட் சிலவற்றை அடக்கிய பிறிதொரு மருந்து வெளிவரத் துணைநின்ற பெரியார் ஒருவரின் வரலாற்றை யாம் ஈண்டுச் சுருங்க உரைப்பாம்.

எல்லாப்பிரகட சுப்பாராவ் 1895 ஜனவரி 12 இல் ஆந்திர நாட்டுப் பீமவரத்திற் பிறந்தார். பள்ளியிறுதித் தேர்வில் இருமுறை தவறியவர், சென்னைத் திருவல்லிக்கேணி இந்து உயர்தரப் பாடசாலையிற் பயின்று மூன்றாம் முறை தேறினார். சென்னை மருத்துவக் கல்லூரியிற் கதராடை அணிந்தமையால் ஆசிரியர் ஒருவரின் வெறுப்புக்கு ஆளாகி, எல். எம். எஸ். என்னும் தாழ்ந்த பட்டமே பெற்றார். உடன்பிறந்தார் கிராணி என்னும் குடல்நோய்க்கு இரையாயினமை அவர் உள்ளத்தில் ஆறாப் புண்ணாயிற்று.

1923 இல் அமெரிக்கா சென்று ஹாவாட் பல்கலைக்கழகத்திற் சேர்ந்தார். வயிறு வளர்க்க ஆஸ்பத்திரியில் இரவிற் கடைநிலை ஊழியமும் புரிந்தார். பிஸ்க் என்பாருடன் கூடி, இரத்தத்திலுள்ள பொசுபரசை அளக்கும் முறையை 1925 இல் வெளியிட்டார். தசைகளின் இயக்கத்திற்கு ஆற்றல் தரும் பொருள்களையும் கண்டறிந்தார். இத்துணைத் திறம் காட்டியும் அங்கே அவருக்கு நிலையான பதவி கிட்டிலது. 1940 இல் லெடர்லி மருந்து நிறுவனத்திற் சேர்ந்து, பின்னர் அதன் ஆராய்ச்சிக்குத் தலைமை ஏற்றார்.

அங்கே அவர்தம் குழுவினர் 1945 இல் போலிக் அமிலத்தைச் செயற்கையாக ஆக்கினர். உடன்பிறந்தாரைக் கொன்ற கிராணிக்கு அதுவே மருந்தாயிற்று! அவ்வமிலத்தை ஒத்த பொருள்கள் குழந்தைகளின் இரத்தப் புற்றுநோயை எதிர்க்கும் முதற் கருவிகளாயின. அவர் தலைமையின் கீழ்ப் பணியாற்றிய முதியவர் டக்கர், மண்ணில் வாழும் நுண்ணுயிர் ஒன்றிலிருந்து ஒரியோமைசினைக் கண்டெடுத்தார். கிருமிகள் புரதம் ஆக்குவதைத் தடுக்கும் அம்மருந்து, பெனிசிலினுக்கு அடங்காத நோய்கள் சிலவற்றையும் வென்றது.

இனி, எம் கரையோரத்தார் மறத்தலாகாத செய்தியொன்று உண்டு. நுளம்பினாற் பரவும் யானைக்கால் நோய், புத்தளம் உள்ளிட்ட எட்டு மாவட்டங்களை நெடுங்காலம் வருத்தியது. அந்நோய்க் கிருமிகளை இரத்தத்திலிருந்து நீக்கும் டைஎதில்காபமசீன் என்னும் மருந்து, சுப்பாராவின் ஆய்வுக்கூடத்திற் பிறந்து 1947 இல் வெளியாயிற்று. 2002 முதல் 2006 வரை ஆண்டுதோறும் இம்மாவட்ட மக்கட்கு வழங்கப்பட்ட குளிசைகளுள் அதுவும் ஒன்று. 2016 இல் உலக சுகாதார நிறுவனம், இலங்கையில் இந்நோய் பொதுச் சுகாதாரப் பிரச்சினையாக இல்லாதொழிந்தது என உறுதி செய்தது.

ஒரியோமைசின் உலகிற்கு அறிவிக்கப்பட்ட சில வாரங்களில், 1948 ஓகஸ்டில், தம் 53 ஆம் வயதிற் சுப்பாராவ் உறக்கத்திலேயே உயிர்நீத்தார். நோபல் பரிசு அவரை நாடவில்லை. அம்மருந்தை உண்டு நலம் பெற்றாருட் பலர் அவர் பெயரைக் கேட்டதுமில்லை. தேர்விற் தவறிய மாணவர்காள், மனந் தளரற்க! இருமுறை தவறிய ஒருவரின் உழைப்பன்றோ எம் ஊர்க் குழந்தைகளின் கால்களைக் காத்தது?