மெலிவதற்கு மாவு விற்ற மார்க் ஹியூஸ்

உடம்பு இளைக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்கள் உலகம் எங்கும் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பாலில் கலக்கிக் குடிக்கும் சத்து மாவையும், மூலிகை மாத்திரைகளையும் விற்று, 30 வயதுக்குள் பெரும் கோடீஸ்வரர் ஆனவர் மார்க் ஹியூஸ். அமெரிக்காவில் கலிபோர்னியா மாநிலத்துக்காரர். கல்லூரி வாசலை மிதித்தவர் அல்ல. பள்ளிப் படிப்பைக்கூட முடிக்கவில்லை.

அவர் தொடங்கிய கம்பெனியின் பெயர் ஹெர்பாலைப். 1999-ம் ஆண்டு அது இந்தியாவிலும் கால் வைத்தது. பெங்களூரில் அலுவலகம் போட்டது. காலை வேளையில் நாலு பேரைக் கூட்டி வைத்து ஷேக் கலக்கிக் கொடுக்கும் சிறு கிளப்புகள் பல ஊர்களில் முளைத்தன. அவற்றை நடத்துகிறவர்களில், ஆபீஸ் சம்பளம் போதாமல் மேல் வருமானம் தேடுகிறவர்களும் உண்டு. இந்த வியாபாரத்துக்குப் பிள்ளையார் சுழி போட்டவர் எப்படி வந்தார், எப்படிப் போனார் என்பது பலருக்குத் தெரியாது.

வீடு வீடாக ஏறி இறங்கினார்

மார்க் ஹியூஸ் பிறந்தது 1956-ம் ஆண்டு ஜனவரி 1-ந் தேதி. வளர்ந்தது லாஸ் ஏஞ்சல்ஸ் நகரை ஒட்டிய லா மிராடா என்ற ஊரில். அவருக்கு 14 வயதாகும்போது பெற்றோர் பிரிந்துவிட்டனர். பையன் தாயோடு இருந்தான். 9-ம் வகுப்போடு படிப்பு நின்றது. போதைப் பழக்கம் தொற்றிக்கொண்டது.

16 வயதில் அவரை மலைப்பகுதியில் இருந்த செடு என்ற விடுதிப் பள்ளியில் சேர்த்தார்கள். வழி தவறிய பிள்ளைகளைத் திருத்தும் இடம் அது. அந்தப் பள்ளிக்கு நன்கொடை திரட்ட, பிள்ளைகள் வீடு வீடாகப் போய்க் குலுக்கல் சீட்டு விற்கவேண்டும்.

இங்கேதான் ஹியூசுக்குத் தன் திறமை எது என்று புரிந்தது. முன்பின் தெரியாதவர் வீட்டுக் கதவைத் தட்டி, அரை நிமிஷத்தில் அவரைச் சிரிக்க வைத்து, கையில் இருக்கும் சீட்டை விற்றுவிட்டு வருவதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை. அவர் முறையாகக் கற்ற ஒரே தொழில் அதுதான்.

தாயின் மரணம்

1975-ம் ஆண்டு அவருடைய தாய் இறந்துபோனார். அந்த அம்மாளுக்கு வயது 36. மகனுக்கு வயது 19.

பின்னாளில் ஆயிரக்கணக்கான மேடைகளில் ஹியூஸ் இந்தச் சாவைப் பற்றிப் பேசினார். தன் தாய் எப்போதும் எடையைக் குறைக்கப் பாடுபட்டவர் என்றும், டாக்டர்கள் எழுதிக்கொடுத்த இளைக்கும் மாத்திரைகளுக்கு அடிமையாகி, அளவு மீறி விழுங்கி உயிரை விட்டார் என்றும், அதனால்தான் ஆபத்து இல்லாத மூலிகை வழியைத் தேடிக் கிளம்பியதாகவும் அவர் சொன்னார். கூட்டத்தில் இருப்பவர்கள் கண் கலங்குவார்கள்.

ஹியூஸ் இறந்த பிறகு அமெரிக்கப் பத்திரிகைகள் பழைய ஆவணங்களைத் தேடிப் பிடித்தன. மரண விசாரணைக் குறிப்பில் இருந்தது இளைக்கும் மாத்திரை அல்ல, வலி மாத்திரை. அளவு மீறியது உண்மை. பெற்ற தாயைப் பறிகொடுத்த துக்கமும் பொய் அல்ல. ஆனால் அந்தத் துக்கம் மேடைக்கு வந்தபோது, விற்கும் சரக்குக்கு ஏற்றபடி சற்று வளைந்து வந்தது.

மூழ்கிய இரண்டு கப்பல்கள்

20 வயதில் அவர் ஸ்லெண்டர் நவ் என்ற இளைக்கும் பானத்துக்கு ஏஜெண்டு ஆனார். அந்தக் கம்பெனிக்குக் கடை கிடையாது. ஏஜெண்டுகளே விற்பார்கள், புது ஏஜெண்டுகளையும் அவர்களே பிடிப்பார்கள். ஹியூஸ் சீக்கிரமே நல்ல வருமானம் பார்க்கும் முன்னணி ஏஜெண்டுகளில் ஒருவர் ஆனார். 1979-ல் அந்தக் கம்பெனி மூழ்கியது. அடுத்துச் சேர்ந்த கோல்டன் யூத் என்ற கம்பெனியும் கொஞ்ச காலத்தில் படுத்துவிட்டது.

வேறு ஒருவராக இருந்தால் இந்தத் தொழிலே வேண்டாம் என்று போயிருப்பார். ஹியூஸ் வேறு விதமாகக் கணக்குப் போட்டார். இத்தகைய கம்பெனியில் ஏஜெண்டாக இருப்பதைவிட முதலாளியாக இருப்பதே மேல் என்று முடிவு செய்தார்.

1980-ம் ஆண்டு பிப்ரவரி மாதம் ஹெர்பாலைப் பிறந்தது. முதலாளிக்கு வயது 24. ஸ்லெண்டர் நவ் சரக்கின் தயாரிப்பைக் கவனித்து வந்த ரிச்சர்ட் மார்க்கோனி என்பவர் மாவையும் மாத்திரையையும் தயாரித்துக் கொடுத்தார். ஹியூஸ் தன் காரின் டிக்கியில் டப்பாக்களை அடுக்கிக்கொண்டு விற்கக் கிளம்பினார்.

சரக்கு என்ன? சோயாப் புரதமும் வைட்டமின்களும் சேர்ந்த மாவு. அதோடு மூலிகை மாத்திரைகள். இரண்டு வேளைச் சாப்பாட்டை விட்டுவிட்டு இந்தப் பானத்தைக் குடிக்கவேண்டும். ஒரு வேளை மட்டும் சாப்பிடலாம். அப்படிச் செய்தால் எடை குறையத்தான் செய்யும். இரண்டு வேளை கேழ்வரகுக் கஞ்சி குடித்து ஒரு வேளை சோறு சாப்பிட்டாலும் குறையும். ஆனால் கேழ்வரகுக்கு யாரும் கமிஷன் கொடுப்பதில்லை.

சட்டையில் குத்திய வில்லை

ஹெர்பாலைப் ஏஜெண்டுகள் சட்டையில் ஒரு வட்ட வில்லையைக் குத்திக்கொண்டு தெருவில் நடந்தார்கள். எடை குறையவேண்டுமானால் எப்படி என்று என்னைக் கேளுங்கள் என்பது அதில் எழுதியிருந்ததன் பொருள். பஸ்ஸில், கடையில், தேவாலயத்தில் யாராவது கேட்டுவிட்டால் போதும். பேச்சு தொடங்கிவிடும்.

பேச்சு எடையில் ஆரம்பித்து வருமானத்தில் போய் முடியும். அங்கேதான் வியாபாரத்தின் சூட்சுமம் இருந்தது.

ஒரு டப்பாவின் விலை 100 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். புதிதாக ஏஜெண்டாகச் சேருகிறவருக்கு அது 75 ரூபாய்க்குக் கிடைக்கும். பெரிய அளவில் சரக்கு எடுத்து சூப்பர்வைசர் பட்டம் வாங்கியவருக்கு 50 ரூபாய்க்கே கிடைக்கும். சூப்பர்வைசர் தனக்குக் கீழே ஆட்களைச் சேர்த்தால், அவர்கள் எடுக்கும் சரக்குக்கும் அவருக்குக் கமிஷன் உண்டு. அவர்கள் சேர்க்கும் ஆட்கள் எடுக்கும் சரக்குக்கும் உண்டு. ஆகவே சீக்கிரம் சூப்பர்வைசர் ஆகிவிடவேண்டும் என்று எல்லோரும் துடித்தார்கள். கடன் வாங்கிச் சரக்கு எடுத்தவர்களும் இருந்தார்கள்.

அந்த டப்பாவை வெளியார் யாராவது காசு கொடுத்து வாங்கிக் குடித்தார்களா, அல்லது சேர்ந்தவர் வீட்டுக் கட்டிலுக்கு அடியில் கிடந்து காலாவதி ஆனதா? ஏஜெண்டுக்கு இது வாழ்வா சாவா என்ற கேள்வி. கம்பெனிக்கு அப்படி அல்ல. சரக்கு ஏஜெண்டு கைக்குப் போன அன்றே கம்பெனிக்குப் பணம் வந்துவிடும்.

ஹியூஸ் வாட்டசாட்டமான அழகர். வெயிலில் காய்ந்த நிறம், சீவி விட்ட தலைமுடி, விலை உயர்ந்த சூட். அவர் ஒருநாளும் குண்டாக இருந்தவர் அல்ல. பெரிய ஓட்டல் மண்டபங்களில் கூட்டம் போடுவார். ஒவ்வொருவராக எழுந்து, இத்தனை பவுண்டு இளைத்தேன், இத்தனை டாலர் சம்பாதித்தேன் என்று சாட்சி சொல்வார்கள். கைதட்டல் கூரையைப் பிளக்கும். கேபிள் டெலிவிஷனில் நேரத்தை விலைக்கு வாங்கி, இந்தக் கூட்டங்களை மணிக்கணக்கில் ஓடவிட்டார்கள்.

பலன், யாரும் எதிர்பாராதது. 5 ஆண்டுகளில் விற்பனை 3 லட்சத்து 86 ஆயிரம் டாலரில் இருந்து 42 கோடியே 30 லட்சம் டாலராக ஏறியது. 1985-ல் இங்க் என்ற வர்த்தகப் பத்திரிகை, அமெரிக்காவில் மிக வேகமாக வளரும் தனியார் கம்பெனி ஹெர்பாலைப்தான் என்று அறிவித்தது.

செனட் சபை விசாரணை

அதே 1985-தான் அவருக்குப் பெரிய அடியும் கொடுத்தது.

புகார்கள் ஏற்கனவே குவிந்திருந்தன. தலைவலி, வயிற்றுப்போக்கு, மலச்சிக்கல் என்று சாப்பிட்டவர்கள் உணவு மருந்து இலாகாவுக்கு எழுதினார்கள். 1982-ல் அந்த இலாகா தலையிட்ட பிறகு, மாத்திரையில் இருந்த இரண்டு மூலிகைகளைக் கம்பெனி நீக்கவேண்டி வந்தது. 1984-ல் கனடா சர்க்கார், நோய் தீரும் என்று பொய் விளம்பரம் செய்ததாக 24 குற்றச்சாட்டுகளைப் பதிவு செய்தது. 1985 மார்ச் மாதம் கலிபோர்னியா மாநில அட்டார்னி ஜெனரல் வழக்குப் போட்டார்.

மே மாதம் வாஷிங்டனில் செனட் சபையின் விசாரணைக் கமிட்டி கூடியது. ஊட்டச்சத்து நிபுணர்கள் வந்து சாட்சி சொன்னார்கள். இளைப்பது மூலிகையால் அல்ல, சாப்பாட்டைக் குறைப்பதால்தான் என்று விளக்கினார்கள். டாக்டர் மேற்பார்வை இல்லாமல் இப்படி இளைப்பது ஆபத்து என்றும் எச்சரித்தார்கள்.

பிறகு ஹியூஸ் வந்து உட்கார்ந்தார். அவருக்கு 29 வயது. மருத்துவமோ ஊட்டச்சத்தோ முறையாகப் படித்தவர் அல்ல என்பது அங்கே அம்பலமானது. அவர் அசரவில்லை. எடை குறைப்பதில் இத்தனை கெட்டிக்காரர்களான நிபுணர்கள் இவ்வளவு குண்டாக இருப்பது ஏன் என்று திருப்பிக் கேட்டார்.

ஏஜெண்டுகள் கூட்டமாக இருந்தால் மண்டபம் அதிர்ந்திருக்கும். அங்கே இருந்தவர்கள் செனட்டர்கள். அந்தக் கிண்டலைப் பத்திரிகைகள் பெரிதாக வெளியிட்டன. அது அவருக்கு நன்மை செய்யவில்லை. விற்பனை சரிந்தது. அந்த மாதத்திலேயே சுமார் 800 ஊழியர்களுக்கு வேலை போயிற்று.

1986-ல் வழக்கு சமரசத்தில் முடிந்தது. கம்பெனி 8 லட்சத்து 50 ஆயிரம் டாலர் கட்டியது. குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை. ஆள் சேர்ப்பதற்காகக் கமிஷன் கொடுக்கக்கூடாது, சரக்கு விற்பனைக்கே கொடுக்கவேண்டும் என்று கோர்ட்டு உத்தரவில் கண்டிருந்தது. இந்த ஒரு வரியை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. 30 ஆண்டுகள் கழித்து இதே விஷயம் மறுபடியும் வந்தது.

கடல் தாண்டிய வியாபாரம்

அமெரிக்காவில் பெயர் கெட்டதும் ஹியூஸ் வெளிநாடுகளுக்குத் திரும்பினார். அதே 1986-ல் கம்பெனி பங்குச் சந்தைக்குப் போனது. மெக்சிகோ, பிரான்ஸ், ஜெர்மனி, ஜப்பான் என்று வரிசையாகக் கடை விரித்தார். ஒரு நாட்டில் புயல் வேகத்தில் ஏறும் விற்பனை, சில ஆண்டுகளில் இறங்கும். அதற்குள் அடுத்த நாடு திறந்திருக்கும். 1999-ல் இந்தியா திறந்தபோது ஏறக்குறைய 50 நாடுகளில் வியாபாரம் நடந்தது.

இந்தக் காலத்தில் கம்பெனி விற்ற ஒரு மாத்திரையில் மா ஹுவாங் என்ற சீன மூலிகை இருந்தது. அதில் உள்ள எபிட்ரின், பழைய இளைக்கும் மாத்திரைகளில் இருந்த ஆம்பிடமினுக்கு நெருங்கிய உறவு. இருதயத்தைப் படபடக்க வைக்கும். தாயைக் கொன்றது இளைக்கும் மாத்திரை என்று மேடையில் அழுதவரின் கம்பெனிதான் அதை விற்றது. ஹியூஸ் இறந்த பிறகு, 2002-ல் அதைக் கைவிட்டார்கள். 2004-ல் அமெரிக்க சர்க்கார் அந்த மூலிகையை எடை குறைப்புச் சரக்குகளில் சேர்ப்பதற்கே தடை விதித்தது.

ஹியூஸ் நான்கு முறை திருமணம் செய்துகொண்டார். ஒரே மகன். பெவர்லி ஹில்சில் மாளிகை, மாலிபு கடற்கரையில் மாளிகை என்று ராஜபோகம். 1999-ல், பங்குகளை எல்லாம் தானே திரும்ப வாங்கிக் கம்பெனியை முழுக்கத் தன் கைக்குள் கொண்டுவர முயன்றார். பணம் புரட்ட முடியவில்லை. 2000 ஏப்ரலில் அந்த முயற்சியைக் கைவிட்டார்.

அடுத்த மாதம் 20-ந் தேதி, மாலிபு வீட்டில் அவருடைய பாட்டியின் 87-வது பிறந்தநாள் விருந்து. மறுநாள் காலை ஹியூஸ் படுக்கையில் பிணமாகக் கிடந்தார். வயது 44. மதுவும், மனச்சோர்வுக்குக் கொடுக்கப்படும் டாக்செபின் என்ற மருந்தும் உடம்பில் ஒன்றாகச் சேர்ந்ததால் ஏற்பட்ட விபத்து என்று மரண விசாரணையில் முடிவானது.

பிறகு நடந்தவை

2002-ல் கம்பெனி கைமாறியது. விலை 68 கோடியே 50 லட்சம் டாலர். 2012 டிசம்பரில் பில் ஆக்மன் என்ற நியூயார்க் முதலீட்டாளர், இது ஆள் சேர்த்துப் பணம் பார்க்கும் பிரமிடு திட்டம் என்று பகிரங்கமாகக் குற்றம் சாட்டினார். பங்கு விலை விழும் என்று 100 கோடி டாலர் பந்தயம் கட்டி, கடைசியில் நஷ்டப்பட்டு ஒதுங்கினார்.

2016 ஜூலையில் அமெரிக்க மத்திய வர்த்தகக் கமிஷன் நடவடிக்கை எடுத்தது. பிரமிடு என்ற வார்த்தையை அது மனுவில் சேர்க்கவில்லை. ஆனால் பெரும்பாலான ஏஜெண்டுகள் சொற்பமாகச் சம்பாதித்தார்கள், அல்லது ஒன்றுமே சம்பாதிக்கவில்லை, சிலர் கைப்பணத்தை இழந்தார்கள் என்று சொன்னது. குற்றச்சாட்டுகளில் பல சரியல்ல என்றது கம்பெனி. ஆனாலும் 20 கோடி டாலர் கட்டியது. உண்மையான வாடிக்கையாளருக்கு விற்றதற்குக் கணக்கு வைத்து, அதன் அடிப்படையிலேயே கமிஷன் கொடுக்கவும் சம்மதித்தது.

2017 ஜனவரியில், ஏறக்குறைய 3 லட்சத்து 50 ஆயிரம் பேருக்குக் காசோலைகள் தபாலில் போயின. பெரும்பாலானவை 100 டாலருக்கும் 500 டாலருக்கும் இடைப்பட்டவை. வங்கியில் சேர்த்ததை எடுத்து சரக்கு வாங்கியவர்களுக்குத் திரும்ப வந்தது அவ்வளவுதான். இந்தியாவில், பணச் சுழற்சித் திட்டங்களைத் தடுக்க 1978-லேயே சட்டம் வந்தது. 2021 டிசம்பரில் வெளியான நேரடி விற்பனை விதிகள் பிரமிடு திட்டங்களுக்குத் தடை விதித்தன.

ஹியூஸ் விட்டுச்சென்ற சொத்தில் ஒரு மலையும் இருந்தது. பெவர்லி ஹில்சுக்கு மேலே, 157 ஏக்கர். 1997-ல் டெலிவிஷன் பிரமுகர் மெர்வ் கிரிபினிடம் இருந்து 85 லட்சம் டாலருக்கு வாங்கினார். உச்சியில் அரண்மனை போல் ஒரு வீடு கட்டத் திட்டம் போட்டார். அந்த வீடு எழும்பவே இல்லை. அவர் இறந்த பின் சொத்தை நிர்வகித்தவர்கள் அந்த மலையைக் கடனுக்கு விற்றார்கள். வாங்கியவர்கள் 2018-ல் அதற்கு 100 கோடி டாலர் விலை சொன்னார்கள். வாங்க ஆள் வரவில்லை. கடன் வட்டியோடு 20 கோடி டாலருக்கு மேல் ஏறியது. 2019 ஆகஸ்டு மாதம் மலை ஏலத்துக்கு வந்தது. 1 லட்சம் டாலருக்கு அதைத் திரும்ப எடுத்துக்கொண்டது, கடன் கொடுத்திருந்த ஹியூசின் சொத்து நிர்வாகமே.