30 ரூபாய் குமாஸ்தா கண்ட கணக்கு உலகம்

சென்னைத் துறைமுகம். கப்பல்கள் வந்து நிற்கும். மூட்டைகள் இறங்கும். அந்தத் துறைமுக அலுவலகத்தில் 1912-ம் ஆண்டு மார்ச் மாதம் 1-ந் தேதி ஓர் இளைஞர் குமாஸ்தாவாகச் சேர்ந்தார். வயது 24. மாதச் சம்பளம் 30 ரூபாய்.

அவர்தான் கணித மேதை ராமானுஜம்.

ராமானுஜம் 1887-ம் ஆண்டு டிசம்பர் 22-ந் தேதி ஈரோட்டில் பிறந்தார். வளர்ந்தது கும்பகோணத்தில். தந்தை சீனிவாச அய்யங்கார், ஜவுளிக்கடைக் கணக்கர். தாயார் கோமளத்தம்மாள்.

கல்லூரியில் ராமானுஜத்துக்குக் கணக்கைத் தவிர வேறு எதிலும் மனம் செல்லவில்லை. அதனால் உபகாரச் சம்பளம் போயிற்று. கும்பகோணத்திலும், பிறகு சென்னைப் பச்சையப்பன் கல்லூரியிலும் படித்தார். பரீட்சையில் தேறவில்லை. 1909-ல் ஜானகி அம்மாளை மணந்தார். குடும்பம் நடத்த உத்தியோகம் வேண்டுமே! துறைமுகம் கை கொடுத்தது.

பொட்டலக் காகிதம்

காகிதம் வாங்க வசதி இல்லை. ராமானுஜம் சிலேட்டில் கணக்குப் போடுவார். முழங்கையால் அழிப்பார். விடையை மட்டும் நோட்டில் எழுதி வைப்பார். துறைமுகத்தில் கிடக்கும் பொட்டலக் காகிதத்தைப் பொறுக்கி வந்து அதிலும் கணக்குப் போடுவார் என்று சொல்வார்கள்.

மேலதிகாரி நாராயண அய்யரும் கணிதம் கற்றவர். இருவரும் சிலேட்டும் கையுமாக உட்காருவார்கள். ராமானுஜம் ஒரே தாவலில் விடைக்குப் போய்விடுவார். நடுவில் உள்ள படிகளையும் எழுதும்படி அய்யர் வற்புறுத்துவார்.

பூஜ்யமும் உலகமும்

இந்தக் கணக்குகள் எங்கிருந்து வந்தன? நாமக்கல் நாமகிரித் தாயார் ராமானுஜத்தின் குலதெய்வம். தாயார் கனவில் வந்து கணக்குகளை அருளியதாக அவர் நண்பர்களிடம் சொல்வார்.

உலகம் உண்டான விதத்தையே அவர் எண்களால் விளக்கினார். 1, 2, 4, 8 என்று இரட்டித்துக்கொண்டே போங்கள். ஒவ்வொன்றிலும் ஒன்றைக் கழியுங்கள். 0, 1, 3, 7 என்று வரும். 0 என்பது ஒன்றும் இல்லாத நிலை. 1 என்பது கடவுள். 3 என்பது மும்மூர்த்திகள். 7 என்பது சப்த ரிஷிகள்.

பிற்காலத்தில் கேம்பிரிட்ஜ் நகரில், நண்பர் மகலநோபிஸிடம் இன்னொரு விளக்கமும் சொன்னார். பூஜ்யம் என்பது பரம்பொருள். முடிவில்லாத எண் என்பது, அதிலிருந்து தோன்றும் எல்லாம் சேர்ந்தது. இரண்டையும் பெருக்கினால் என்ன வரும்? ஒரே விடை கிடையாது. எந்த எண்ணும் வரலாம். அப்படி வரும் ஒவ்வோர் எண்ணும் ஒரு படைப்பு என்பது அவர் கருத்து.

இது நம்பிக்கை. இதைச் சோதித்துப் பார்க்க வழி இல்லை. ஆனால் கனவில் வந்த கணக்கைச் சோதிக்கலாம். படுக்கையை விட்டு எழுந்ததும் ராமானுஜம் அதை எழுதி, சரிதானா என்று போட்டுப் பார்ப்பார். தெய்வம் தந்த கணக்கையும் அவர் சரிபார்த்தார்!

சீமைக்குப் போன கடிதம்

துறைமுகத் தலைவர் பிரான்சிஸ் ஸ்பிரிங் துரையும், நாராயண அய்யரும் ஊக்கம் அளித்தார்கள். சீமையில் இரண்டு பேராசிரியர்களுக்கு எழுதியும் பலன் இல்லை. 1913-ம் ஆண்டு ஜனவரி 16-ந் தேதி, கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஹார்டிக்கு ராமானுஜம் கடிதம் எழுதினார். பட்டம் இல்லாத குமாஸ்தாவின் கடிதம் அது. அதில் பக்கம் பக்கமாகக் கணக்குகள்.

இது மோசடியோ என்று ஹார்டி முதலில் சந்தேகப்பட்டார். நண்பர் லிட்டில்வுட்டுடன் உட்கார்ந்து ஆராய்ந்தார். எழுதியவர் மேதை என்று இருவரும் கண்டுகொண்டார்கள். நிரூபணம் அனுப்பும்படி ஹார்டி பதில் எழுதினார்.

நிரூபணம் ஏன் வேண்டும்? பகா எண்களைப் பற்றி ராமானுஜம் கண்ட ஒரு முடிவு தவறு என்று பிறகு தெரிந்தது. மேதைக்கும் கணக்குப் பிசகும்.

1913 மே மாதம் முதல் சென்னைப் பல்கலைக்கழகம் மாதம் 75 ரூபாய் கொடுத்தது. சீமைக்கும் அழைப்பு வந்தது. கடல் தாண்டுவது ஆசாரத்துக்கு விரோதம் என்று எண்ணிய காலம் அது. மகனைத் தடுக்க வேண்டாம் என்று தாயார் கோமளத்தம்மாளின் கனவில் நாமகிரித் தாயார் ஆணையிட்டதாகச் சொல்வார்கள். 1914-ம் ஆண்டு மார்ச் 17-ந் தேதி, தாம் குமாஸ்தாவாக இருந்த அதே துறைமுகத்திலிருந்து ராமானுஜம் கப்பல் ஏறினார்.

கேம்பிரிட்ஜில் ஹார்டியுடன் சேர்ந்து உழைத்தார். நிரூபிக்கும் முறையைக் கற்றார். 1916-ல் பட்டம் கிடைத்தது. 1918-ல் ராயல் சொசைட்டி உறுப்பினர் ஆனார். ஆனால் குளிரும், யுத்தகால உணவுக் கஷ்டமும் உடலை உருக்கின. நோயாளியாக 1919-ல் தாயகம் திரும்பினார்.

கடைசிக் கணக்கு

படுக்கையிலும் கணக்கை விடவில்லை. 1920 ஜனவரியில் ஹார்டிக்கு எழுதிய கடைசிக் கடிதத்தில் ஒரு புதுவகைக் கணக்கைத் தெரிவித்தார். அதே ஆண்டு ஏப்ரல் 26-ந் தேதி, சென்னை சேத்துப்பட்டில் காலமானார். வயது 32தான்.

அவர் கடைசியாக எழுதிய தாள்கள் 1976-ல் கேம்பிரிட்ஜ் நூலகத்தில் கிடைத்தன. அந்தக் கடைசிக் கணக்கின் மர்மம் 2002-ல்தான் விளங்கியது. பின்னர் அது விண்வெளிக் கருந்துளைகளைப் பற்றிய ஆராய்ச்சிக்கும் உதவியது. ராமானுஜம் வாழ்ந்த நாளில் கருந்துளை என்ற பெயர்கூட இல்லை!

1993-ல் துறைமுகத்துக்குப் பக்கத்தில் உள்ள ராயபுரத்தில் ராமானுஜம் பெயரில் கணித அருங்காட்சியகம் ஒன்று அமைந்தது. மூட்டை தூக்குவோரும் மீன்பிடிப்போரும் வாழும் பகுதி அது. பொட்டலக் காகிதத்தில் கணக்குப் போட்டவருக்கு ஏற்ற இடம்தான்.