உள்ளதை உரைத்த சாமர்செட் மாம்

திருவண்ணாமலையிலிருந்து செங்கம் செல்லும் சாலையில், அருணாசல மலையின் அடிவாரத்தில் அமைந்துள்ளது ரமணாசிரமம். 1879-ஆம் ஆண்டில் திருச்சுழியில் பிறந்து, 1896-இல் அண்ணாமலையை அடைந்து, 1950-இல் மறையும்வரை அத்தலத்தை விட்டு நீங்காது வாழ்ந்த ரமண மகரிஷியின் உறைவிடம் அது. அவரைக் காணக் கடல் கடந்த நாடுகளிலிருந்தும் அன்பர்கள் வந்தவண்ணம் இருந்தனர். 1938-இல் அவ்வாறு வந்தவர்களுள் ஒருவர், 64 வயது நிரம்பிய ஆங்கில எழுத்தாளர். கதைகளாலும் நாடகங்களாலும் உலகப் புகழ் பெற்றிருந்த அவர் பெயர் வில்லியம் சாமர்செட் மாம். தாம் கண்டதைக் கூட்டாமலும் குறைக்காமலும் கூற வேண்டும் என்பதே அவர் எழுத்துக்கு அடிப்படையாக நின்ற கொள்கையாகும்.

மாம் 1874-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 25-ஆம் நாள் பாரிஸ் மாநகரில் பிறந்தார். அவர் தந்தையார் அங்கிருந்த பிரிட்டிஷ் தூதரகத்தின் சட்ட அலுவல்களைக் கவனித்து வந்த வழக்கறிஞர். எட்டாம் வயதில் அன்னையை இழந்தார். அவ்வம்மையாரை எலும்புருக்கி நோய் கொண்டு சென்றது. இரண்டு ஆண்டுகள் கழிந்ததும் தந்தையாரும் மறைந்தார். அன்னையின் பிரிவு அவர் உள்ளத்தில் ஆறாத புண்ணாகவே நின்றது. முதுமையிலும் அன்னையின் படத்தைப் படுக்கையருகே வைத்திருந்தார்.

பெற்றோரை இழந்த சிறுவன், இங்கிலாந்தில் கென்ட் மாவட்டத்து விட்ஸ்டபிள் என்னும் ஊரில் பாதிரியாராக இருந்த சிற்றப்பன்பால் அனுப்பப்பட்டான். பிரெஞ்சு மொழியே பேசி வளர்ந்த அவனுக்கு ஆங்கிலம் எளிதில் கைவரவில்லை. அத்துடன் திக்குவாயும் சேர்ந்துகொண்டது. கான்டர்பரியில் அவன் பயின்ற பள்ளியில் உடன் பயின்றோர் அவனை எள்ளி நகையாடினர். பேச்சில் தடையுற்றவன் பிறர் பேச்சையும் செயலையும் கூர்ந்து நோக்கப் பழகினான். எழுத்தாளனுக்கு இன்றியமையாத அப்பழக்கம் இத்துன்பத்தினூடேயே அவனிடம் வேரூன்றியது எனலாம்.

பின்னர் மாம் இலண்டனில் செயின்ட் தாமஸ் மருத்துவமனையில் ஐந்து ஆண்டுகள் மருத்துவம் பயின்றார். லாம்பெத் பகுதியின் சேரிகளில் மகப்பேறு பார்க்கச் சென்றபோது வறுமையையும் நோயையும் சாவையும் நேரில் கண்டார். அங்குக் கண்டவற்றைக் கொண்டு 1897-இல் அவர் எழுதிய முதல் புதினம் நல்ல வரவேற்பைப் பெற்றது. அவ்வாண்டிலேயே மருத்துவராகத் தேறியும், அத்தொழிலை விடுத்து எழுத்தையே வாழ்வாகக் கொண்டார். பத்தாண்டுக் காலம் வறுமையோடு போராடினார். 1908-இல் அவருடைய நாடகங்கள் நான்கு இலண்டனில் ஒரே காலத்தில் நடைபெற்றன. தம் இளமைத் துயரங்களை அடிப்படையாகக் கொண்டு அவர் இயற்றிய பெரும் புதினம் 1915-இல் வெளிவந்தது. தெளிவு, எளிமை, ஓசை இனிமை ஆகிய மூன்றையுமே அவர் நல்ல உரைநடையின் இலக்கணமாகக் கொண்டார்.

இத்தகைய மாம் 1938-இல் இந்திய நாட்டைச் சுற்றிப் பார்க்க வந்தார். சென்னையிலிருந்து திருவண்ணாமலைக்கு வந்து, ஆசிரமத்தில் வாழ்ந்த மேஜர் சாட்விக் என்னும் ஆங்கிலேய அடியாரின் குடிலில் தங்கினார். மகரிஷியைக் காணச் செல்லுமுன் அவர் திடீரென மயங்கி விழுந்தார். செய்தி அறிந்த மகரிஷி தாமே அக்குடிலுக்கு எழுந்தருளினார். மாம் உணர்வு பெற்றபின் இருவரும் எதிரெதிரே நெடுநேரம் பேசாதிருந்தனர். கேள்விகளோடு வந்த எழுத்தாளர் ஒன்றும் கேட்கவில்லை. மௌனமும் ஓர் உரையாடலே என்று மகரிஷி உணர்த்தினார்.

இந்நிகழ்ச்சி மெல்லப் பரவியது. மாம் மயங்கி விழவில்லை. மகரிஷியின் அருளால் சமாதி நிலையை எய்தினார் என்று பலர் பேசத் தலைப்பட்டனர். அச்சொல்லை ஏற்றிருப்பின் அவர் பெருமை பன்மடங்கு உயர்ந்திருக்கும். ஆயினும் மாம் அதனை ஏற்கவில்லை. தமக்கு முன்னரும் அவ்வாறு மயக்கம் வந்ததுண்டு என்றும், அப்போது தாம் எவ்வகைப் பேரனுபவத்தையும் அடையவில்லை என்றும் வெளிப்படையாக எழுதினார். மருத்துவம் பயின்ற அறிவு அவ்வாறு கூறத் தூண்டியது. எனினும் மகரிஷியின் எளிமையும் அமைதியும் அவர் நெஞ்சில் ஆழப் பதிந்தன. 1944-இல் வெளிவந்த அவர் புதினம் ஒன்றில், போரில் நண்பனை இழந்த அமெரிக்க இளைஞன் ஒருவன் மெய்ப்பொருளைத் தேடி இந்தியாவுக்கு வந்து ஒரு முனிவரைச் சந்திக்கிறான். அம்முனிவரின் உருவாக்கத்தில் திருவண்ணாமலை நினைவு கலந்துள்ளது. கத்தியின் கூர்முனை எனப் பொருள்படும் அந்நூலின் பெயர், கட உபநிடதத்திலிருந்து எடுக்கப்பட்டது.

தம்மைப் பற்றிய செய்தியில் காட்டிய இந்நேர்மையையே மாம் பிறர் நூல்களை ஆராயும்போதும் காட்டினார். உலகின் சிறந்த புதினங்கள் பத்தினைக் குறிப்பிடுமாறு அமெரிக்க இதழாசிரியர் ஒருவர் அவரைக் கேட்டுக்கொண்டார். சிறந்தவை பத்துதான் என்று வரையறுத்தல் பொருந்தாது என்பதை ஒப்புக்கொண்டே அவர் ஒரு பட்டியல் தந்தார். அதில் டால்ஸ்டாயின் போரும் அமைதியும், டிக்கன்சின் டேவிட் காப்பர்ஃபீல்ட் முதலியவை இடம் பெற்றன. பத்தினுள் அமெரிக்க நூல் ஒன்றே ஒன்று. அது ஹெர்மன் மெல்வில் எழுதிய மோபி டிக் என்னும் திமிங்கில வேட்டைப் புதினமாகும். அப்பத்து நூல்களையும் பற்றி மாம் எழுதிய கட்டுரைகள் 1948-இல் நூலாக வெளிவந்தன; 1954-இல் திருத்திய பதிப்பும் வந்தது.

மெல்வில் 1819-இல் நியூயார்க் நகரில் பிறந்தவர். 1841-இல் அக்குஷ்னெட் என்னும் திமிங்கில வேட்டைக் கப்பலில் மாலுமியாகச் சென்றவர். அந்த அனுபவத்தைக் கொண்டு எழுதிய மோபி டிக் 1851-இல் வெளிவந்தது. வெள்ளைத் திமிங்கிலம் ஒன்றினால் காலை இழந்த ஏகாப் என்னும் கப்பல் தலைவன், அதனைப் பழிவாங்கும் ஒரே நோக்குடன் உலகக் கடல்களையெல்லாம் துழாவுகிறான். நல்லறிவு மிக்க துணைத்தலைவன் ஸ்டார்பக் எவ்வளவோ எடுத்துரைத்தும் அவன் செவிசாய்க்கவில்லை. மூன்று நாள் துரத்தலின் முடிவில் கப்பல் மூழ்கியது, ஏகாப்பும் மாண்டான். இஸ்மயேல் என்னும் மாலுமி ஒருவனே பிழைத்துக் கதையைக் கூறுகிறான். திமிங்கிலத்தின் பெருமையைப் பேசுமிடத்துத் திருமாலின் மீன் அவதாரத்தையும் மெல்வில் குறிப்பிட்டிருப்பது நமக்கு வியப்பளிப்பதாகும். ஆனால் அந்நூலை அக்கால மக்கள் போற்றவில்லை. மெல்வில் 19 ஆண்டுகள் நியூயார்க் சுங்கச் சாவடியில் அலுவல் பார்த்து, 1891-இல் பெரும்பாலோரால் மறக்கப்பட்டவராய் மறைந்தார். அவர் பிறந்து நூறாண்டு நிறைந்த 1919-ஐ ஒட்டியே அவர் பெருமையை உலகம் உணரத் தொடங்கியது.

புகழ் வந்ததும் விளக்கங்களும் பெருகின. வெள்ளைத் திமிங்கிலம் உலகிலுள்ள தீமையின் உருவம் என்றனர் பலர். இயற்கையின் உருவம் என்றும், ஊழின் உருவம் என்றும் கூறியோர் உளர். மாம் இவ்விளக்கங்களைக் கண்டு மயங்கவில்லை. உள்ளுறை தேடித்தான் ஆகவேண்டுமென்றால், திமிங்கிலத்தை நன்மையின் உருவாகக் கொண்டால் என்ன என்று வினவினார். அழகும் ஆற்றலும் உடையது அவ்விலங்கு. செருக்கும் கொடுமையும் பழியுணர்ச்சியும் நிறைந்தவனோ ஏகாப். அவ்வாறாயின் தீமை மனிதனிடத்தன்றோ உளது? இவ்வாறு ஒரே கதையை நேர்மாறான இரு வழிகளில் திருப்பலாம் என்று காட்டிய மாம், தம் விளக்கமே மெய்யென வற்புறுத்தவில்லை. உள்ளுறை எதனையும் கருதாமலே அந்நூலைச் சுவைத்துப் படிக்கலாம் என்பதே அவர் முடிவு. ஏகாப்பின் படைப்பை அவர் மிகவும் வியந்து பாராட்டினார். மெல்விலின் நடையில் பதினேழாம் நூற்றாண்டு ஆங்கில உரைநடையின் கம்பீரத்தைக் கண்டு போற்றினார்.

குறைகளையும் அவர் மறைத்தாரல்லர். திமிங்கிலத்தின் வகைகளையும் உறுப்புகளையும் விரித்துரைக்கும் இயல்கள் கதையின் ஓட்டத்தைத் தடை செய்கின்றன என்றார். கதைநூலின் முதற்பயன் இன்பமே என்பது அவர் கொள்கை. அதற்கேற்ப அந்நூலைச் சுருக்கிப் பதிப்பிக்கவும் துணிந்தார். இச்செயலை அறிஞர் பலர் ஒப்புக்கொள்ளவில்லை. திமிங்கிலத்தை எவ்வளவு அளந்தாலும் வகுத்தாலும் அதனை முழுவதும் அறிய மனிதனால் இயலாது என்னும் உண்மையை அவ்வியல்களே உணர்த்துகின்றன. அவற்றை நீக்கினால் எஞ்சுவது வெறும் வேட்டைக் கதையே என்பது அவர்கள் கருத்து. இன்றுள்ள வாசகர் பலரும் இக்கருத்தையே தழுவுவர். மாம் இவ்விடத்தில் தவறியிருக்கலாம். ஆயினும் அவர் கூறியது கடன் வாங்கிய கருத்தன்று. தாம் படித்து, தாம் உணர்ந்து கூறியது. அதனாலேயே அதனை மறுப்பவரும் அந்நூலை மீண்டும் எடுத்துப் படிக்க நேர்கிறது.

மாம் திருவண்ணாமலையை மறக்கவில்லை. மகரிஷியைக் கண்டு 20 ஆண்டுகள் சென்றபின், 1958-இல் வெளியிட்ட கட்டுரைத் தொகுதியில் அவர் வாழ்வையும் அறிவுரையையும் விரிவாக எழுதினார். தம் மயக்கத்தைச் சமாதி எனக் கூற மறுத்த அவரே, அம்முனிவரின் தூய்மைக்குச் சான்று பகர்ந்தார். பொய்ப் புகழை மறுத்தவர் கூறும் புகழ்மொழிக்குத் தனி மதிப்பு உண்டன்றோ?

இளம் எழுத்தாளர்கள் பிற நாடுகளைக் கண்டு அறிவு பெற வேண்டும் என்னும் எண்ணத்துடன் 1947-இல் மாம் ஒரு பரிசினை ஏற்படுத்தினார். தாம் துன்புற்ற கான்டர்பரிப் பள்ளிக்குத் தம் நூல்களை வழங்கினார். 1965-ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 16-ஆம் நாள், தம் 91-ஆம் வயதில், பிரான்சு நாட்டின் நீஸ் நகரில் இயற்கை எய்தினார். அவர் உடலின் சாம்பல் அப்பள்ளி நூலகத்தின் அருகே தூவப்பட்டது.

ஊரார் உரைப்பதைத் திரும்ப உரைத்தல் எளிது. உள்ளதை ஆராய்ந்து உரைத்தல் அரிது. ஆசிரமக் குடிலில் தம் மயக்கத்தைப் பற்றி உரைத்தபோதும், அலைகடலில் தோன்றும் வெள்ளைத் திமிங்கிலத்தைப் பற்றி உரைத்தபோதும் மாம் அவ்வரிய வழியிலேயே நின்றார். நூல்களைக் கற்போர் அவர்தம் முடிவுகளையெல்லாம் ஏற்க வேண்டுவதில்லை. அவரைப் போல நூலை முதலில் தாமே படித்து, பின்னரே பிறர் உரையைக் கேட்டல் வேண்டும்.